அப்படியே சொல்லு

நம் தெரு வாட்ஸப் குரூப்பில் இருக்கிற அத்தனை பேருக்கும் சேர்த்து ஒரே தடவையாக எழுதிவிடுகிறேன். ஒவ்வொருத்தருக்காகப் பதில் சொல்லிக்கொண்டிருக்க எனக்குப் பொறுமை கிடையாது. அப்பாவின் நாடகத்தை நம் தமிழ் மன்றத்து ஆண்டு விழாவில் மறுபடி போட வேண்டும், அதற்கு என் சம்மதம் வேண்டும் என்று ஆளுக்கொரு பக்கம் கேட்கிறீர்கள். சம்மதம் இல்லை.

அதோடு விட்டிருப்பேன். ஆனால் டைரக்ட் செய்யப் போகிற பெண், கழக்கூட்டம் பக்கம் ஐ.டி. வேலை பார்க்கிறவளாம், நேற்று எனக்கு வாய்ஸ் மெசேஜ் அனுப்பியிருக்கிறாள். "ஆன்ட்டி, குடும்பத்துக்குள்ள இருக்குற சண்டையை ஸார் எப்படி இவ்வளவு ரியலா எழுதினார்னு ரெண்டு பக்கம் எழுதித் தாங்க, விழா மலர்ல போடலாம்" என்கிறாள். அவள் மேல் எனக்குக் கோபமில்லை, அவளுக்கு என்ன தெரியும். உங்களுக்குத் தெரியும். மன்றத்து ஹாலில் முன்னால் விரித்த ஜமக்காளத்தில் உட்கார்ந்து வாயைப் பிளந்து பார்த்தவர்கள் நீங்கள். அடுத்த ஒரு மாதம் உங்கள் அம்மாக்கள் குழாயடியில் வேறு பேச்சே பேசவில்லை. இப்போது தலை நரைத்து, முட்டி தேய்ந்து, பேரப்பிள்ளை எடுத்துவிட்டு, "என்ன ஆழம், என்ன உணர்ச்சி" என்று எழுதுகிறீர்கள். வயிற்றெரிச்சலாக இருக்கிறது. எப்படி எழுதினார் என்றுதானே கேட்கிறீர்கள்? சொல்கிறேன். மலரில் போடத் தைரியம் இருந்தால் போடுங்கள்.

எங்கள் வீடு உங்களுக்கு ஞாபகமிருக்கும். ஆரியசாலைக் கடைவீதியில் சுக்கும் நல்லமிளகும் மூட்டை மூட்டையாக இறங்குகிற சந்துக்குள்ளே, நீளவாக்கில் ரயில் பெட்டி மாதிரி போகும். மழைக்காலத்தில் நனைந்த சாக்கு நாற்றமும் சுக்கு நெடியும் சேர்ந்து தலையணை உறையில்கூட இருக்கும். தாத்தா நடத்திய மொத்த வியாபாரக் கடை முன்னால், வீடு பின்னால். தாத்தாவுக்குப் பிறகு கடையைச் சித்தப்பா பார்த்தார். அப்பா சர்க்கார் ஆபீஸில் கிளார்க். ஆபீஸ் சும்மா பேருக்கு, அவருக்கு உயிர் நாடகந்தான். வருஷத்துக்கு ஒன்று எழுதுவார், மன்றம் ஓண லீவில் அதைப் போடும்.

எனக்கு அப்போது ஒன்பது வயது. அந்த வீட்டில் இரண்டு அடுப்பு எரிந்தது. கூடத்துக்கு நடுவில் ஒரு மூங்கில் தட்டி. தட்டிக்கு இந்தப் பக்கம் அப்பா, அம்மா, நான். அந்தப் பக்கம் சித்தப்பாவும் சித்தியும். அண்ணனும் தம்பியும் பேசி மூன்று வருஷமாகியிருந்தது.

காரணம் தாத்தாவுக்குக் கொள்ளி வைத்தது. அப்பனுக்கு மூத்த மகன்தான் கொள்ளி வைக்க வேண்டும் என்று உங்களுக்குச் சொல்லித் தர வேண்டாம். எங்கள் வீட்டில் இளையவர் வைத்தார். தாத்தா செத்துப்போன ஞாயிற்றுக்கிழமை அப்பா ஒத்திகையில் இருந்தார். கடையில் மூட்டை தூக்குகிற சுமட்டுக்காரர் ஓடிப் போய், "பெரியவருக்கு முடியல, உடனே வரச் சொன்னாங்க" என்று சொல்லியிருக்கிறார். தாத்தா அதற்கு முன்னால் இரண்டு தடவை அப்படி ஆள் அனுப்பி வரவழைத்து, வந்ததும் எழுந்து உட்கார்ந்து காபி குடித்தவர். "எப்பவும் உள்ளதுதான், இந்த சீன் முடியட்டும்" என்று அப்பா சொன்னாராம். இது எனக்குப் பிற்காலத்தில் நாடகப் பிராம்ப்டர் சொன்னது. ஒரு சீன் இரண்டு சீனாகி, அப்பா வீடு வந்து சேர்ந்தபோது விளக்கு வைத்தாயிற்று. பொழுது சாயும்வரை பார்த்துவிட்டு, மழை வேறு கறுத்துக்கொண்டு வந்ததால், சித்தப்பா காரியத்தை முடித்துவிட்டார். இரண்டு பேர் பக்கமும் நியாயம் இருந்தது, அநியாயமும் இருந்தது. "எனக்கு உள்ளதைப் பிடுங்கிட்டான்" என்று அப்பா சொன்னார். அன்றைக்கு அவர் எங்கே இருந்தார் என்பதை மட்டும் சொல்லவே மாட்டார்.

பேச்சு நின்றதே தவிர, ஒரே கிணறு, ஒரே வாசல், ஒரே கரண்ட் மீட்டர் என்றால் பேசாமல் முடியுமா? அதற்கு என்னைப் பிடித்தார்கள். இரண்டு பேரும் கூடத்திலேயே இருப்பார்கள், தட்டிக்கு மேலே தலைகூடத் தெரியும். சித்தப்பா சொல்லுவார், "ஏட்டி, உங்க அப்பாகிட்ட சொல்லு, கிணத்துக் கயிறு இத்துப்போச்சு." நான் அப்பா பக்கம் திரும்பி, "கிணத்துக் கயிறு இத்துப்போச்சாம்." அப்பா பேப்பரிலிருந்து கண்ணை எடுக்காமல், "நாளைக்கு மாத்துறேன்னு சொல்லு." நான் மறுபடி தட்டிப் பக்கம் திரும்ப வேண்டும். ஒரு வார்த்தை கூடக் குறைய இருக்கக்கூடாது. "மாத்துறாராம்" என்று சுருக்கினால் அப்பாவுக்குக் கோபம் வரும். "நாளைக்குன்னு சொன்னேன்ல? அப்படியே சொல்லு" என்பார். அப்படிப் பழகிப் பழகி என் ஞாபகம் கத்தி மாதிரி ஆகிவிட்டது. ஸ்கூலில் வாய்ப்பாடு வராது, மலையாளப் பத்யம் பாதியில் நிற்கும். ஆனால் யார் என்ன சொன்னாலும் இழுப்பு, மூச்சு உட்பட அப்படியே திருப்பிச் சொல்லுவேன். நீங்கள்கூட என்னைக் கூப்பிட்டு வைத்து உங்கள் வாத்தியார் மாதிரி பேசச் சொல்லிச் சிரிப்பீர்கள்.

அந்த இடவப்பாதி மழைக்காலத்தில்தான் அப்பா என்னை மச்சுக்குக் கூப்பிட ஆரம்பித்தார். அதுவரை அவர் மச்சில் எழுதும்போது யாரும் படியேறக்கூடாது, நான் வாசலில் நின்றாலே "போ கீழ" என்பார். நாடகம் எழுதுகிறவர் என்று ஊரே கொண்டாடுகிற அப்பா, என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதுகூட அபூர்வம். அப்படிப்பட்டவர் ஒரு நாள் தானாகவே "இங்க வா, உட்காரு" என்று ஸ்டூலை இழுத்துப் போட்டார். மேஜையில் நீல அட்டை நோட்டு. "இன்னைக்கு அந்தப் பக்கம் என்ன பேசினாங்க?" என்று கேட்டார்.

சொன்னேன். சுமட்டுக்காரரைச் சித்தப்பா வைத வசவு, சித்தி மீன்காரியிடம் பேரம் பேசியது, எல்லாம். அவர் எழுதிக்கொண்டே இருந்தார். நடுநடுவே நிறுத்தி, "அப்போ சித்தப்பா முகம் எப்படி இருந்துச்சு?", "சொல்லிட்டு எந்திரிச்சாரா, உட்கார்ந்தே இருந்தாரா?" என்று கேட்பார். முடிந்ததும், மரத்தில் செய்த, மை ஒற்றுகிற உருட்டு ப்ளாட்டர் ஒன்று வைத்திருந்தாரே, அதைக் கையில் கொடுத்து ஈர மையின் மேல் என்னை உருட்டச் சொல்லுவார். அந்த ப்ளாட்டர் பிற்பாடு எங்கே போனதென்று தெரியவில்லை. "உன்னை மாதிரி ஞாபகம் யாருக்கும் கிடையாது" என்று ஒரு நாள் தலையைத் தடவினார். அந்த ஒரு தடவலுக்காக நான் எதையும் கொண்டுவந்து கொட்டியிருப்பேன். கொட்டவும் செய்தேன்.

ஆகவே, நாடகம் போடப் போகிற மகளே, உன் கேள்விக்குப் பதில் இது. ஸார் எப்படி ரியலாக எழுதினார் என்றால், அந்தப் பக்கத்துச் சோற்றை உண்டுவிட்டு இந்தப் பக்கம் வந்து வாந்தி எடுக்க ஒருத்தி இருந்தாள், அதனால் எழுதினார். மன ஆழமும் கிடையாது, மண்ணும் கிடையாது. காது கொடுத்துக் கேட்டிருந்தாலாவது பரவாயில்லை, அதற்கும் ஆள் வைத்துக்கொண்டார்.

சித்தியைப் பற்றிச் சொல்ல வேண்டும். நாகர்கோவில் பக்கத்துக்காரி. என்னை "மக்களே" என்றுதான் கூப்பிடுவாள். மெலிந்த கை, இடது மணிக்கட்டில் வெந்த தழும்பு. என்னை உட்கார வைத்துத் தலையில் காய்ச்சின எண்ணெயைத் தேய்க்கும்போது அந்தத் தழும்பு நெற்றியில் உரசும். கல்யாணமாகி ஐந்து வருஷம். இரண்டு பிள்ளை வயிற்றில் தங்காமல் போயிருந்தது. அவளும் அம்மாவும் ஆம்பிளைகள் இல்லாத நேரத்தில் கிணற்றடித் துவைகல்லில் உட்கார்ந்து பேசிக்கொள்வார்கள். சித்தி வைத்த தீயலும் அம்மா வைத்த அவியலும் முந்தானைக்கு அடியில் மாறும். அப்பா சாப்பிடும்போது "இன்னைக்குத் தீயல் நல்லா இருக்கு" என்று சொன்னால் அம்மா என்னைப் பார்த்து லேசாகச் சிரிப்பாள். அம்மாவுக்கு அந்த வீட்டில் வேறு துணை கிடையாது. சித்திக்கும் கிடையாது.

ஒரு மத்தியானம். விடாத மழை, ஸ்கூல் லீவு. சித்தி புளியில் கொட்டை எடுத்துக்கொண்டிருந்தாள், நான் நார் உரித்துக்கொண்டிருந்தேன். கொட்டை விழ விழ அவள் கை நிற்கவே இல்லை. குனிந்தபடியே சொன்னாள்.

"மக்களே, உன்கிட்ட ஒண்ணு சொல்லட்டா? யார்கிட்டயும் சொல்லப்பிடாது, கேட்டியா?"

"சொல்ல மாட்டேன் சித்தி."

"எனக்கு இப்ப மூணாம் மாசம். உங்க சித்தப்பாவுக்குத் தவிர வேற யாருக்கும் தெரியாது. இதுவும் தங்காதோன்னு பயமா இருக்கு." இன்னும் இரண்டு கொட்டையை எடுத்துப் போட்டாள். பிறகு, "மூத்தவரு இருக்கையில இவரு கொள்ளி வச்சாரு பாத்தியா, அதான். கொள்ளி வச்ச அந்தக் கை என் மேல பட்டாலே உள்ளுக்குள்ள நடுங்குது. அவருகிட்ட இதை எப்படிச் சொல்ல? நல்ல மனுஷன், தாங்க மாட்டாரு. உங்க அப்பா மனசு இறங்கி ஒரே ஒரு தடவை 'தம்பி'ன்னு கூப்பிட்டாப் போதும், இந்தப் பிள்ளை தங்கிரும்."

இப்போது கேட்டால் மூடநம்பிக்கை என்பீர்கள். ஆமாம், மூடநம்பிக்கைதான். இருபத்து மூன்று வயதில் இரண்டு பிள்ளையைப் பறிகொடுத்தவளுக்குக் காரணம் என்று ஏதாவது ஒன்று வேண்டியிருந்தது, அவ்வளவுதான். கணவனிடம் சொல்ல முடியாததை ஒன்பது வயதுப் பிள்ளையிடம் சொன்னாள். பிள்ளைக்கு என்ன விளங்கப் போகிறது என்று நினைத்திருப்பாள். பெரியவர்கள் எல்லாரும் செய்கிற தப்புதான் அது.

நான் அன்று சாயங்காலமே மச்சுப் படி ஏறினேன். ஒரு விஷயம் மட்டும் சொல்லிவிடுகிறேன், நம்பினால் நம்புங்கள். தலையைத் தடவுவார் என்பதற்காக மட்டும் போகவில்லை. அப்பாவுக்குத் தெரிந்தால் உடனே கீழே இறங்கிப் போய் "தம்பி" என்று கூப்பிட்டுவிடுவார், சித்திக்குப் பாப்பா தங்கிவிடும் என்று எனக்குப் பட்டது. சித்தி கேட்ட காரியத்தை நான் முடித்துக் கொடுக்கப் போகிறேன் என்ற நினைப்பில் இரண்டிரண்டு படியாகத் தாவினேன்.

சொல்லி முடித்தேன். அப்பா பேனாவை மூடினார். ஜன்னல் வழியாக மழையையே பார்த்தார். எனக்குச் சந்தோஷமாக இருந்தது, இப்போது எழுந்திருப்பார் என்று நினைத்தேன். எழுந்திருக்கவில்லை. பேனாவை மறுபடி திறந்தார்.

"அப்படியே சொல்லு. இன்னொரு தடவை. மெதுவா."

சொன்னேன்.

"சொல்லும்போது அவ கை என்ன செஞ்சிட்டு இருந்துச்சு?"

"புளியில கொட்டை எடுத்துட்டு இருந்தாங்க."

"நிறுத்தினாளா?"

"இல்ல."

அதையும் எழுதிக்கொண்டார். அன்றைக்கு அவர் என் தலையைத் தடவவில்லை. நானாகவே ப்ளாட்டரை எடுத்து உருட்டிவிட்டு இறங்கி வந்தேன்.

நாடகத்துக்கு வேண்டிய சாமான் நம் தெருவிலிருந்துதான் போகும். ஒரு நோட்டைத் தூக்கிக்கொண்டு வீடு வீடாகப் போவது வழக்கமில்லையா? உங்கள் வீட்டுச் சுவர்க்கடிகாரம், இன்னொருத்தர் வீட்டுப் பிரம்பு நாற்காலி, ரேடியோ, ஊஞ்சல் பலகை. ஒவ்வொன்றின் அடியிலும் பிளாஸ்திரி ஒட்டி வீட்டுக்காரர் பெயரை எழுதுவோம். அந்த வருஷம் நோட்டு என் கையில் இருந்தது. அப்பா கைப்பட எழுதிய பட்டியலில் "அரக்குக் கல்யாணப் பட்டு, ஒன்று" என்று இருந்தது. அதற்கு எதிரே வீட்டுப் பெயர் இல்லை. "அந்தப் பக்கம் போய்ச் சித்திகிட்ட கேளு, நான் கேட்டதாச் சொல்லு" என்றார் அப்பா.

சித்தியின் முகம் அன்று இருந்த மாதிரி நான் அதற்கு முன்னும் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை. "அத்தானா கேட்டாங்க? என்கிட்ட வாங்கச் சொல்லியா?" என்று இரண்டு தடவை கேட்டாள். ஆமாம் என்றேன், அது பொய்யில்லையே. டிரங்குப் பெட்டியைத் திறந்து, வேப்பிலைச் சருகைத் தட்டிவிட்டு, சேலையை என் இரண்டு கையிலும் வைத்தாள். பிளாஸ்திரி ஒட்டினால் பட்டு போய்விடும் என்று ஒரு நூலில் காகிதத் துண்டைக் கட்டி அதில் தன் பெயரை எழுதினாள். ராத்திரிச் சாப்பாட்டின்போது தட்டிக்கு அந்தப் பக்கம் அவள் சித்தப்பாவிடம் கெஞ்சுவது கேட்டது. "அவங்க இறங்கி வாராங்க, நீங்களும் ஒரு படி இறங்குங்க. எனக்காக இல்ல, இந்தப் பிள்ளைக்காக. நாடகத்துக்கு மட்டும் வாங்க." மூன்று வருஷமாக அண்ணனின் நாடகத்தை எட்டிப் பார்க்காத மனுஷன் சரி என்றார்.

ரொம்ப நாள்வரை எனக்கு நானே ஒரு சமாதானம் சொல்லிக்கொண்டிருந்தேன். அரக்குப் பட்டு தெருவில் வேறு யாரிடமும் இல்லை, அதனால்தான் அப்பா கேட்டார் என்று. இல்லை. உங்கள் அம்மாக்களில் மூன்று பேரிடமாவது இருந்தது. வேண்டுமென்றேதான் கேட்டார். மேடையில் நிற்கிறவள் யார் என்று ஒருத்தரும் தவறாக நினைத்துவிடக் கூடாது என்று அவருக்கு இருந்தது.

நாடகம் அன்று சித்தப்பா வெள்ளைச் சட்டை போட்டு, சந்தனம் தொட்டு, ஆம்பிளைகள் பக்கம் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்தார். சித்தியும் அம்மாவும் பெண்கள் பக்கம். நான் அவர்கள் காலடியில். வெளியே மழை விட்டிருந்தது, ஹால் தகரக் கூரை மட்டும் சொட்டிக்கொண்டிருந்தது.

கதை உங்களுக்கு மனப்பாடம், சுருக்கமாகச் சொல்கிறேன். தஞ்சாவூர்ப் பக்கம் அண்ணன் தம்பி. சுக்குக் கடை அரிசி மில்லாக மாறியிருந்தது. அப்பன் சாகிறார், அண்ணன் வாசல்வரை ஓடி வந்துவிடுகிறான், சொத்து வெறி பிடித்த தம்பி அவனுக்காகக் காத்திராமல் கொள்ளி வைத்துவிடுகிறான். வாசல்வரை ஓடி வந்தாராம். நினைத்தாலே எனக்கு இப்போதும் பல்லைக் கடிக்கத் தோன்றுகிறது. சித்தப்பா அதுவரைக்கும்கூடப் பொறுத்துக்கொண்டு கையைக் கட்டித்தான் உட்கார்ந்திருந்தார்.

கடைசி சீன். திரை விலகினால் தம்பி மனைவி புளியில் கொட்டை எடுத்துக்கொண்டிருக்கிறாள். நாகர்கோவிலிலிருந்து வரவழைத்த நடிகை, உடம்பில் சித்தியின் அரக்குப் பட்டு. கையை நிறுத்தாமல் பேச ஆரம்பித்தாள். கொள்ளி வைத்த அந்தக் கை, நடுக்கம், தங்காமல் போன இரண்டு பிள்ளை, இப்போது மூன்றாம் மாசம், எல்லாம் வந்தது. ஒரு வார்த்தை குறையவில்லை. நான் காலடியில் உட்கார்ந்து, என்னை அறியாமல், அவளோடு சேர்ந்து வாயசைத்துக்கொண்டிருந்தேன். கடைசியில் மட்டும் அப்பா தன் கைச்சரக்கைச் சேர்த்திருந்தார். "கட்டினவனே ஆனாலும் அவன் பாவி" என்று அவள் சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள். மை கரைந்து பட்டில் அப்பியது.

அம்மா சித்தியின் கையைப் பிடித்தாள். அப்போது சித்தி கையை இழுத்துக்கொள்ளவில்லை. ஹால் முழுக்கக் கைதட்டல். உங்கள் அம்மாக்கள் மூக்கைச் சிந்திக்கொண்டே திரும்பித் திரும்பிச் சித்தியின் வயிற்றைப் பார்த்தார்கள். நான் கீழேயிருந்து எல்லா முகத்தையும் பார்த்தேன், ஒருத்தர் முகத்தையும் மறக்கவில்லை.

மேடைக்குப் பக்கத்தில் அப்பாவுக்கு மாலை போட்டுக்கொண்டிருந்தார்கள். சித்தப்பா கூட்டத்தை விலக்கிக்கொண்டு போனார். அடிக்கப் போகிறார் என்று எல்லாரும் வழிவிட்டார்கள்.

"அண்ணே," என்றார். மூன்று வருஷத்துக்குப் பிறகு நேராக. "நல்லா எழுதியிருக்கீங்க."

அப்பாவுக்கு முகம் விரிந்துவிட்டது. "சந்தோஷம், தம்பி" என்றார்.

சித்தி தவம் கிடந்த வார்த்தை வந்துவிட்டது. அவள் காதிலும் விழுந்தது, நான் பார்த்தேன். அப்பாவோ சித்தப்பா சொன்னதைப் பாராட்டு என்றே எடுத்துக்கொண்டார். சாகிறவரை, "என் தம்பியே வந்து பாராட்டினான்" என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார். உறவுகளின் சிக்கலை எழுதினவருக்குத் தன் எதிரே நின்ற ஒரு முகத்தைப் படிக்கத் தெரியவில்லை.

அதற்குப் பிறகு அண்ணன் தம்பி இரண்டு பேரும் பேசிக்கொண்டார்கள். தட்டியைக்கூட எடுத்துவிட்டார்கள். சித்தப்பா பேசாமலிருந்தது சித்தியிடம். மறுநாள் காலையில் அவள் அவர் எதிரே தட்டை வைத்துக்கொண்டு நிற்கையிலேயே என்னைக் கூப்பிட்டார். "ஏட்டி, உங்க சித்திகிட்ட சொல்லு, எனக்கு இங்க சோறு வேண்டாம். கடையிலே தின்னுக்கிடுதேன்." நான் திரும்பிச் சித்தியிடம் சொன்னேன். பழக்கதோஷம், வாய் தானாகச் சொல்லிவிட்டது. அவள் தட்டைக் கீழே வைத்தாள். அப்படிப் பத்து நாள் போயிற்று. சேலை திரும்பி வந்தது, மைக்கறையோடு, காகிதத்தில் கட்டிய பெயரோடு. அவள் அதைப் பெட்டியில் வைக்கவில்லை, கொடியில் அப்படியே கிடந்தது.

அம்மா ஒரே ஒரு தடவை அப்பாவைக் கேட்டாள். "அவ வயித்துப் பாட்டை மேடையில ஏத்திட்டீங்களே, உங்களுக்கு எப்படி மனசு வந்துச்சு?" அப்பா, "ஊரு பேரு எல்லாம் மாத்தியாச்சுல்ல? கலையைப் பத்தி உனக்கு என்ன தெரியும்" என்றார். அவளுக்கு விஷயம் எப்படி அப்பாவிடம் போனதென்று தெரியாது. யோசித்திருப்பாள். என்னைப் பார்த்தாள், ஆனால் கேட்கவில்லை.

பிள்ளை தங்கியதா என்று கேட்பீர்கள், உங்களுக்கு அது தெரிந்தாக வேண்டும். தங்கியது. நாகர்கோவிலில் பிறந்த வீட்டில் வைத்து, கல்லுக்குண்டு மாதிரி ஆண்பிள்ளை. இப்போது அவனும் ரிட்டயர் ஆகப் போகிறவன். சித்தப்பா ஒரு நாள்கூட நாகர்கோவில் பஸ் ஏறவில்லை. கடையும் அவருமாக, தம்பானூர் பஸ் ஸ்டாண்டைத் தாண்டிப் போகாமலே செத்துப்போனார். அந்தப் பையன் வந்து அவருக்குக் கொள்ளி வைத்துவிட்டு, ஒரு வாய் தண்ணீர் குடிக்காமல் திரும்பிப் போனான்.

நாடகம் முடிந்த பதினோராம் நாள் சித்தி பிறந்த வீட்டுக்குக் கிளம்பினாள். வாசலில் டாக்ஸி நின்றது. டிரங்குப் பெட்டி, ஒரு பை. சித்தப்பா கடையில் தராசுக்குப் பின்னால் இருந்தார், எழுந்து வரவில்லை. நான் வாசல்படியில் நின்றேன். சித்தி என் முன்னால் குனிந்து உட்கார்ந்து என் இரண்டு தோளையும் பிடித்தாள். குரலில் கோபமே இல்லை. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

"மக்களே, உன்கிட்ட மட்டுந்தானே சொன்னேன். நீ யார்கிட்டச் சொன்ன?"

உண்மையைச் சொன்னால் அப்பா இனி என்னை மச்சுக்குக் கூப்பிட மாட்டார் என்று தோன்றியது. வேறொன்றும் தோன்றவில்லை. இந்த வயதில் ஏதாவது நல்ல காரணம் கற்பித்துச் சொல்லலாம், சொல்ல மாட்டேன். எனக்கு அவ்வளவுதான் தோன்றியது.

"அம்மாகிட்ட" என்றேன்.

அம்மா எனக்குப் பின்னாலேயே நின்றிருந்தாள். வழிக்கு வைத்துக்கொள்ளச் சோறு கட்டி, இலைப் பொட்டலத்தைக் கையில் பிடித்துக்கொண்டிருந்தாள். சித்தி நிமிர்ந்து அவளைப் பார்த்தாள். அம்மா என்னைப் பார்த்தாள். ரொம்ப நேரமெல்லாம் இல்லை, ஒரு மூச்சு விடுகிற நேரம்.

"ஆமா," என்றாள் அம்மா. "நான்தான் அவர்கிட்ட சொன்னேன்."

சித்தி என் தோளிலிருந்து கையை எடுத்தாள். பொட்டலத்தை வாங்கவில்லை. டாக்ஸி கதவைச் சாத்திக்கொண்டு நேரே பார்த்து உட்கார்ந்தாள். அதற்குப் பிறகு அம்மா முப்பது வருஷம் இருந்தாள். அம்மா செத்ததற்கு ஆள் அனுப்பியும் சித்தி வரவில்லை. அதைப் பற்றி அம்மா என்னிடம் ஒரு வார்த்தை கேட்டதில்லை, நானும் அவளிடம் ஒரு வார்த்தை சொன்னதில்லை.

அப்பா அப்போது கூடத்தில்தான் இருந்தார். தட்டி இல்லை, கதவும் திறந்து கிடந்தது. அம்மா சொன்னது அவர் காதில் விழுந்தது. டாக்ஸி சந்து திரும்புகிறவரை பேசாமல் இருந்துவிட்டு, பிறகு வெளியே வந்து அம்மாவிடம் காபி கேட்டார். அம்மா போட்டுக் கொடுத்தாள். எனக்கும் ஒரு டம்ளர் கொடுத்தாள். குடித்தேன்.